சென்சார் பொய் சொல்லுமா?

பிள்ளைப்பாக்கத்தைச் சுற்றி எந்தப் பக்கம் போனாலும் ஒரு வண்டியோ வண்டியின் ஒரு பாகமோ உருவாகிக்கொண்டிருக்கிறது. இருங்காட்டுக்கோட்டையில் ஹூண்டாய் 1998-இல் கார் செய்யத் தொடங்கியது. ஒரகடத்தில் ரெனோ–நிஸான் ஆலை 2010-இல் திறந்தது. ராயல் என்ஃபீல்டு, டெய்ம்லர், அப்போலோ டயர்ஸ் என்று பட்டியல் நீளும். ஷிஃப்ட் முடிந்து வந்து, தன் பழைய காரின் பானட்டைத் தானே திறந்து பார்க்கிற துணிச்சல் இந்த வட்டாரத்துக்காரர்கள் பலருக்கு உண்டு. மலிவான ப்ளூடூத் ஸ்கேனர் ஒன்றை வாங்கி, ஸ்டியரிங்குக்குக் கீழே உள்ள பதினாறு முனை சாக்கெட்டில் செருகினால் கோளாறின் எண் கைபேசியில் வந்துவிடும். அடுத்த நிமிடமே தீர்ப்பும் வந்துவிடும்: "சென்சார் பொய் சொல்லுது, மாத்திடு." கருவி பொய் சொல்ல முடியுமா? முடியாதென்றால், கண்முன்னே தெரியும் தவறான எண் எங்கிருந்து வந்தது? மெக்கானிக் ஷெட்டில் பிறந்த கேள்வி மாதிரி இருந்தாலும், இந்திய மெய்யியலில் நூற்றாண்டுக் கணக்கில் அடித்துத் துவைத்த கேள்வி இது. அதற்கு மிகத் துணிச்சலான விடை சொன்னவர் பக்கத்து ஊர்க்காரர். 1017-இல் ஸ்ரீபெரும்புதூரில் பிறந்ததாக மரபு சொல்லும் இராமானுஜர். எந்த அறிவும் முழுப் பொய்யாக இருப்பதில்லை, ஒவ்வோர் அறிவும் உள்ளதாகிய ஏதோ ஒன்றைத் தொட்டே எழுகிறது என்பது அவர் முடிவு. அந்த முடிவு பெரும்பாலும் சரி என்றே நினைக்கிறேன். அதை ஏற்றுக்கொண்டவர் பானட்டைத் திறக்கும் விதமும் மாறத்தான் வேண்டும்.

கூலன்ட் வெப்பநிலை சென்சாரை எடுத்துக்கொள்வோம். எளிமையான பாகம்: ஓர் உறைக்குள் தெர்மிஸ்டர், பின்னால் பெரும்பாலும் இரண்டு வயர். சூடு ஏற ஏற அதன் மின்தடை குறையும். அறைச் சூட்டில் இரண்டு மூன்று கிலோ ஓம் காட்டும் சென்சார், எஞ்சின் 90 டிகிரியை நெருங்கும்போது சில நூறு ஓமுக்கு இறங்கிவிடும். எஞ்சினின் கணினியான ஈ.சி.எம்., தனக்குள் இருக்கும் ஒரு மின்தடை வழியாக 5 வோல்ட்டை அனுப்பி, அந்த வயரில் எத்தனை வோல்ட் நிற்கிறது என்று மட்டும் பார்க்கிறது. சூட்டை அது நேராக அறியாது. இத்தனை வோல்ட் என்றால் இத்தனை டிகிரி என்ற அட்டவணை அதன் நினைவில் இருக்கிறது. இப்போது கனெக்டர் கழன்றுவிட்டது, அல்லது இரவில் எலி வயரைக் கடித்துவிட்டது என்று வைத்துக்கொள்ளுங்கள். மின்சாரம் ஓட வழியில்லாததால் 5 வோல்ட் அப்படியே நிற்கும். அட்டவணையில் அதற்கு நேரே இருப்பது கடைக்கோடிக் குளிர். ஸ்கேனர்களுக்கான பொது முறையில் இந்த வெப்பநிலைக்கு ஒரே ஒரு பைட்தான் இடம்; 0 முதல் 255 வரையுள்ள எண்ணில் 40-ஐக் கழித்துக் காட்டுவார்கள். ஆகவே மிகக் கீழான எண் மைனஸ் 40. மே மாதத்தில் வெளியே வெயில் 40 டிகிரியைத் தொடும்போது கைபேசித் திரையில் மைனஸ் 40 தெரியும். பல வண்டிகளில் ஈ.சி.எம். இதை ஏற்காமல், தானாக ஓர் எண்ணை வைத்துக்கொண்டு, எதற்கும் இருக்கட்டும் என்று ரேடியேட்டர் ஃபேனை ஓயாமல் ஓடவிடும். கூடவே பி 0118 என்ற கோடு பதிவாகும். அந்தக் கோடுக்குக் கையேடு தரும் விளக்கம், கூலன்ட் வெப்பநிலை சர்க்யூட்டில் மின்னழுத்தம் அதிகம் என்பதோடு முடிந்துவிடுகிறது. சென்சார் கெட்டுவிட்டது என்று அதில் ஒரு சொல்லும் இல்லை.

இத்தகைய இடங்களைத்தான் இராமானுஜர் தம் பிரம்மசூத்திர உரையான ஸ்ரீபாஷ்யத்தின் முதல் அதிகரணத்திலேயே (முதல் பகுதியிலேயே) எடுத்துப் பேசுகிறார். கிடக்கும் சிப்பி ஒருவனுக்கு வெள்ளியாகத் தெரிகிறது. அவன் கண்ட வெள்ளி என்ன ஆயிற்று? உள்ளது என்றும் சொல்ல முடியாத, இல்லாதது என்றும் சொல்ல முடியாத ஒன்று அது என்பார்கள் அத்வைதிகள். வேறெங்கோ இருக்கும் வெள்ளி இங்கே இருப்பதாகத் தோன்றிவிட்டது என்பார்கள் நியாய தருக்க மரபினரான நையாயிகர்கள். கண் 'இது' என்பதை மட்டும் கண்டது, 'வெள்ளி' நினைவிலிருந்து வந்தது, இரண்டும் வெவ்வேறு என்பதைக் கவனிக்கத் தவறினான் என்பார் மீமாம்சகரான பிரபாகரர். இராமானுஜர் இன்னும் ஒரு படி போகிறார். பூதங்கள் ஒன்றோடொன்று கலந்தே பொருள்களாகின்றன. ஆகவே சிப்பியில் வெள்ளியின் கூறும் சிறிது இருக்கிறது. பார்வைக் குறையால் பெரும்பங்கு விடுபட்டுச் சிறுபங்கு மட்டும் பிடிபட்டது. கண்டவன் இல்லாததைக் காணவில்லை, இருந்ததை முழுதாகக் காணவில்லை. வெண்சங்கு மஞ்சளாகத் தெரிவதற்கு அவர் சொல்லும் காரணம் இன்னும் கூர்மையானது. கண்ணிலுள்ள பித்தம் பார்வையின் கதிரோடு கலந்து போய்ச் சங்கின்மேல் படிகிறதாம். அவன் காண்பது உண்மையான மஞ்சளைத்தான், ஆனால் அது அவனுடைய பித்தத்தின் மஞ்சள். கண்ணிலிருந்து கதிர் புறப்படுகிறது என்பதையும் சிப்பிக்குள் வெள்ளி இருக்கிறது என்பதையும் இன்று பள்ளிப் பிள்ளைகூட ஏற்காது. கனவில் காணும் பொருள்களையும் இறைவன் அந்தந்த உயிரின் வினைக்கேற்ப அந்த நேரத்துக்குப் படைக்கிறான் என்று அவர் சொல்லும் இடத்தில் நானும் கூடப் போக மாட்டேன். இயற்பியல் பழையதாகிவிட்டது. ஆனாலும் அதன்மேல் அவர் கட்டிய விசாரணை முறை பழையதாகவில்லை. தவறான தோற்றம் ஒன்று எதிர்ப்பட்டால், 'இல்லாததைக் கண்டான்' என்று கதவைச் சாத்தாமல், அவனுக்குப் பிடிபட்டது எது, விடுபட்டது எது என்று கேட்கச் சொல்கிறது அந்த முறை.

இப்படிக் கேட்டால் மைனஸ் 40-இன் நிலை என்ன? வயரில் நின்ற 5 வோல்ட் உண்மை. அறுந்த வயரில் 5 வோல்ட் நிற்பதே முறை. வேறெதுவும் நின்றிருந்தால்தான் அதிசயம். பிழை, 'வோல்ட் அதிகம், ஆகவே குளிர்' என்று அட்டவணை சொன்ன இடத்தில் நுழைகிறது. சர்க்யூட் முழுதாக இருக்கும்போது மட்டும் செல்லுபடியாகும் அட்டவணை அது. சர்க்யூட் அறுந்த செய்தி விடுபட்டுப்போனது. இதைவிட நல்ல சாட்சி, சைலன்சர் குழாயில் செருகியிருக்கும் ஆக்சிஜன் சென்சார். பாஷ் நிறுவனம் செய்து, 1976-இல் வால்வோ கார்களில் முதன்முதலாக வந்த சாதனம் இது; பி.எஸ். 6 காலத்தில் பெட்ரோல் கார் எதுவும் இது இல்லாமல் ஓடுவதில்லை. பழைய வகை சென்சார் சுமார் 0.1 முதல் 0.9 வோல்ட்டுக்குள் ஏறி இறங்கும். வோல்ட் குறைந்தால் புகையில் ஆக்சிஜன் மிச்சம் இருக்கிறது என்று பொருள். அதை வைத்து, பெட்ரோல் போதவில்லை என்று ஈ.சி.எம். முடிவு கட்டி பி 0171 என்ற கோடைப் பதிவு செய்யும். ஆனால் ஒரு ஸ்பார்க் பிளக் அடிக்காமல் போனாலும் அந்த சிலிண்டரின் காற்று எரியாமல் அப்படியே வெளியே வரும். பெட்ரோலும்தான் எரியாமல் வரும். சென்சார் ஆக்சிஜனை மட்டும் அறியும். ஆக்சிஜன் இருக்கிறது என்று அது சொன்னது முழு உண்மை. பெட்ரோல் குறைவு என்பது அந்த உண்மையின் தோளில் ஏறி உட்கார்ந்த ஊகம். அந்த ஊகத்தை நம்பி ஈ.சி.எம். இன்னும் பெட்ரோலைக் கொட்டும். வண்டிக்காரர் புது ஆக்சிஜன் சென்சார் வாங்கி மாட்டுவார். அதுவும் பழையதைப் போலவே உண்மையைச் சொல்லும். கடைக்காரர் போலிச் சரக்கு கொடுத்துவிட்டார் என்று திட்டு வாங்குவார்.

ஊகம் எங்கே வழுக்கும் என்று வரிசை போட்டுச் சொன்ன தமிழ் நூலும் இந்தப் பக்கத்தோடு உறவுள்ளதுதான். மணிமேகலையின் இருபத்தொன்பதாம் காதையில், காஞ்சிபுரத்தில், அறவண அடிகள் மணிமேகலைக்குப் பௌத்த அளவை நூலைக் கற்பிக்கிறார். காட்சி, கருத்தளவு என்ற இரண்டே அளவைகள் போதும் என்கிறார். அந்தப் பகுதிக்குள் ஓடுவது பௌத்த தருக்க ஆசிரியர் திக்நாகரின் மரபு. அவரும் காஞ்சிப் பக்கத்தவர் என்று பௌத்த மரபு சொல்லும். புகை கண்டு மலையில் நெருப்பு உண்டென்று துணிவதும், அதற்கு அடுக்களையைச் சான்றாகக் காட்டுவதும் அங்கே வருகின்றன. பொய்யான ஏதுக்களின் நீண்ட பட்டியலும் வருகிறது. ஆனால் நம் வேலைக்கு அதிகம் உதவுவது அதற்கு முந்தைய இடம். இருபத்தேழாம் காதையில், வஞ்சியில், அளவைவாதி அளவைப் போலிகள் எட்டைச் சொல்கிறான். சிப்பியை வெள்ளி என்று கொள்வது திரியக் கோடல். தறியோ ஆளோ என்று நிற்பது ஐயம். ஆராயாமலே தறியை ஆள் என்று துணிந்துவிடுவது தேராது தெளிதல். இந்த மூன்றையும் பிரித்து வைத்ததில் பெரிய நுட்பம் இருக்கிறது. திரியக் கோடலில் கண் ஏமாந்தது. தேராது தெளிதலில் கண்மேல் குற்றமில்லை. தறி தெரிந்தது, ஆளின் உயரம் இருந்தது, பக்கத்தில் போய்ப் பார்க்கத்தான் இல்லை. ஸ்கேனரில் எண்ணைப் பார்த்ததும் சென்சாருக்குக் காசு எடுக்கிறவர் செய்வது மூன்றாவது. அவர் எதையும் தவறாகப் பார்க்கவில்லை. பார்ப்பதை நிறுத்திவிட்டார்.

இங்கே நியாயமான மறுப்பு ஒன்று எழும். சென்சார் எல்லாம் உண்மையே சொல்கிறது என்றால், கெட்ட சென்சார் என்று ஒன்று உலகில் இல்லையா? கடையில் விற்பதெல்லாம் வீணா? உண்டு, நிறையவே உண்டு. தெர்மிஸ்டர் உள்ளே விரிசல் விட்டுச் சூடு ஏறும்போது மட்டும் தொடர்பு அறும். ஆக்சிஜன் சென்சாரின் முனையில் சிலிகோன் பசையின் ஆவியும் எரிந்த ஆயிலும் படிந்து அதை மந்தமாக்கும். ஆனால் அப்போதும் அது இல்லாததைச் சொல்லவில்லை. தன்னைப் பற்றிச் சொல்லிக்கொண்டிருக்கிறது. இராமானுஜரின் மஞ்சள் சங்கு இதுதான்: கூலன்ட்டின் சூட்டோடு சென்சாரின் நோயும் சேர்ந்து வயரில் வந்து நிற்கிறது. ஆகவே கேள்வி, உண்மையா பொய்யா என்பதிலிருந்து, யாருடைய உண்மை என்பதற்கு மாறுகிறது. இதைப் பிரித்தறிய வீட்டு வாசலிலேயே வழி இருக்கிறது. சாவியை ஆன் செய்து, எஞ்சினை ஸ்டார்ட் பண்ணாமல், இரண்டு வயர் கூலன்ட் சென்சாரின் கனெக்டரைக் கழற்றுங்கள். திரை மைனஸ் 40 காட்டும். பிறகு கனெக்டரில் வயர் பக்கத்து இரண்டு முனைகளையும் ஒரு சிறு கம்பியால் இணையுங்கள். எண் ஒரே தாவலில் 100-ஐத் தாண்டி எங்கோ மேலே போக வேண்டும். போனால் வயரும் ஈ.சி.எம்.மும் நலம், குற்றம் சென்சாரில். போகாமல் மைனஸ் 40-லேயே நின்றால் பாதையில் எங்கோ அறுந்திருக்கிறது. புது சென்சார் மாட்டினாலும் அதே எண்தான். ஒன்று இருக்கும்போது மற்றொன்று இருப்பது, இல்லாதபோது இல்லாமற்போவது என்று அறவண அடிகள் சொல்லிக்கொடுக்கும் அன்னுவயமும் வெதிரேகமும் இந்தக் கம்பித்துண்டில் இருக்கின்றன. (இந்தச் சோதனை இரண்டு வயர் தெர்மிஸ்டருக்கு மட்டும். மற்ற சென்சார்களில் கம்பியை நுழைத்தால் ஈ.சி.எம்.முக்கே ஆபத்து.)

இரண்டாம் மறுப்பை நையாயிகர் பக்கத்திலிருந்து சொல்லலாம், அதற்கு வலு அதிகம். அறிவு சரியா என்பதைச் செயலின் வெற்றி காட்டும். தண்ணீர் என்று நினைத்துப் போனவன் குடித்துத் தாகம் தீர்ந்தால் அது தண்ணீர்தான். சென்சாரை மாற்றினேன், டாஷ்போர்டின் எச்சரிக்கை விளக்கு அணைந்தது. இதற்குமேல் என்ன சான்று வேண்டும்? வேண்டும். மாற்றியதோடு ஸ்கேனரில் 'கிளியர்' பொத்தானையும் அழுத்தினீர்கள். கோடை அழித்தால் எதையும் மாற்றாமலே விளக்கு அணையும். பல கோளாறுகள் இரண்டு மூன்று ஓட்டச் சுழற்சி ஆன பிறகுதான் மீண்டும் விளக்கை ஏற்றும். அதற்குள் வெற்றி அறிவிக்கப்பட்டுவிடும். கழற்றி மாட்டும்போது பச்சை பிடித்த கனெக்டர் உராய்ந்து சரியாகியிருக்கலாம். அதன் புண்ணியம் புது சென்சாருக்குப் போய்ச் சேரும். தூசியைப் புகை என்று நினைத்து 'அங்கே நெருப்பு' என்று ஒருவன் சொல்ல, அங்கே தற்செயலாக நெருப்பும் இருந்துவிட்டால் அவன் அறிந்தவனாவானா என்று நம் தருக்க நூலார் கேட்டிருக்கிறார்கள். பி 0128 என்ற கோடு இதற்கென்றே செய்தது போலிருக்கும். எஞ்சின் எதிர்பார்த்த நேரத்தில் போதிய சூட்டுக்கு வரவில்லை என்பது அதன் பொருள். பெரும்பாலும் தெர்மோஸ்டாட் வால்வு திறந்தபடியே மாட்டிக்கொண்டிருக்கும். சூடு ஏறாத கூலன்ட்டை சூடு ஏறவில்லை என்று சொன்ன சென்சாரைக் கழற்றி எறிகிறோம். வெற்றி சான்றுதான், ஆனால் எதனால் வெற்றி என்று முன்கூட்டியே பிரித்து வைத்திருந்தால்தான் அது சான்று.

மூன்றாவது மறுப்பு சமயத்தார் சொல்வது. சடப்பொருளான சென்சாருக்கு உண்மை ஏது, பொய் ஏது? சைவ சித்தாந்தம் இதில் கறாரானது. ஐம்பொறிகள் அறிவதில்லை, அவை கருவிகள், அறிவது உயிர். மெய்கண்டார் சிவஞானபோதத்தில் இன்னும் மேலே போய், கண்ணுக்கு உயிர் காட்டினால்தான் கண் காண்பதுபோல, உயிருக்கும் காட்டுபவன் ஒருவன் வேண்டும் என்கிறார். இந்த மறுப்பை நான் முழுதாக ஏற்கிறேன். அது என் வாதத்துக்கு உதவியும் செய்கிறது. சென்சார் சடம் என்றால் அது பொய் சொல்ல வழியே இல்லை; ஈ.சி.எம்.மும் சடம், ஸ்கேனரும் சடம். வரிசையில் பொய் சொல்லத் தகுதியுள்ளது ஸ்கேனரைக் கையில் பிடித்திருக்கும் ஆள் மட்டும்தான். ஆனால் இந்த வரிசை வேறொரு சிக்கலைக் கிளப்பும். சென்சாரை மல்டிமீட்டர் சோதிக்கும். மல்டிமீட்டரை யார் சோதிப்பது? இப்படியே போனால் முடிவேது? மீமாம்சகரான குமாரில பட்டர் இந்தச் சங்கிலியை முதலிலேயே வெட்டினார்: அறிவு பிறக்கும்போதே செல்லுபடியானது; அதைத் தள்ளும் வேறோர் அறிவு வரும்வரை ஏற்றுக்கொள். சித்தாந்தி சங்கிலியின் மறுமுனையை இறைவனிடம் கட்டுகிறார். அந்த முனையைப் பற்றி ஒரு கார் சென்சார் எதையும் நிறுவாது. நிறுவும் என்று யாராவது சொன்னால் அவரும் தேராது தெளிந்தவர்தான். இந்த முனையில், பட்டறை அளவில், குமாரிலரே போதும். கருவியை நம்பித் தொடங்கு. தள்ளும் சான்றைத் தேடிக்கொண்டே இரு. பாத்திரத்தில் கொதிக்கும் தண்ணீர் ஏறக்குறைய 100 டிகிரி. கழற்றிய சென்சாரின் முனையை அதில் நனைத்து ஓம் பார்த்தால், மல்டிமீட்டரும் சென்சாரும் ஒரே சாட்சியின் முன் நிற்கின்றன.

கடைசி மறுப்பு பணம் சார்ந்தது, அதைத்தான் பலர் வெளிப்படையாகச் சொல்வார்கள். சில நூறு ரூபாய் சென்சாருக்கு இத்தனை ஆராய்ச்சியா? வாங்கி மாட்டு, சரியானால் சரி. கூலன்ட் சென்சார் அளவில் இது ஓரளவு ஒத்துக்கொள்ளக்கூடிய வாதம். ஆக்சிஜன் சென்சார் பல ஆயிரம். தவறான ஊகத்தில் கொட்டிய பெட்ரோல் கேட்டலிட்டிக் கன்வெர்ட்டரைச் சுட்டுவிட்டால் அதைவிடப் பல மடங்கு. ஆனால் விலை சொல்லி இந்த மறுப்பை மடக்க நான் விரும்பவில்லை. மலிவான இடத்தில் பழகும் பழக்கம் விலை உயர்ந்த இடத்துக்கும் கூடவே வரும். பிடிக்காத செய்தி கொண்டுவந்த சாட்சியை விசாரிக்காமல் மாற்றிவிடும் பழக்கம் பானட்டுக்குள் மட்டும் நிற்பதில்லை. ஆலையில் அலாரம் அடிக்கும்போது அலாரத்தின் வயரைப் பிடுங்குபவரும், ரத்தப் பரிசோதனை முடிவு பிடிக்காமல் வேறு லேப் தேடுபவரும் செய்வது இதே காரியம். வேறு லேப் தேடுவதும் சில நேரம் சரியாக இருக்கும். முதல் லேபில் என்ன விடுபட்டது என்று கேட்டுவிட்டுத் தேடினால்.

ஆகவே, மாற்றுவதற்கு முன் ஒரு காலை நேரம் ஒதுக்குங்கள். இரவெல்லாம் நின்ற வண்டியில், ஸ்டார்ட் செய்யாமல் சாவியை ஆன் மட்டும் செய்து, கூலன்ட் வெப்பநிலையையும் உள்ளிழுக்கும் காற்றின் வெப்பநிலையையும் ஸ்கேனரில் பக்கத்தில் பக்கத்தில் பாருங்கள். இரண்டும் வெளிச் சூட்டோடு ஏறக்குறைய ஒத்துப்போக வேண்டும். கூலன்ட் எண் மட்டும் தனியே விலகி நின்றால் கனெக்டர், வயர், பிறகு சென்சார் என்ற வரிசையில் போங்கள். சென்சார்தான் என்று உறுதியானால், எஞ்சின் நன்றாக ஆறிய பிறகு பழையதைக் கழற்றுங்கள். சூட்டில் ரேடியேட்டர் மூடியைத் திறக்காதீர்கள். புது ஓ-ரிங் போட்டு, சிந்திய கூலன்ட்டை நிரப்பி, காற்று வெளியேறும்வரை ஓடவிடுங்கள். பிறகு கோடை அழித்துவிட்டு, சில நாள் ஓட்டியபின் மறுபடியும் பாருங்கள். இதையெல்லாம் கடைக்குப் போவதற்கு முன்பே செய்வது நல்லது. ஒருமுறை மாட்டிக் கழற்றிய சென்சாரை உதிரிபாகக் கடையில் திரும்ப எடுத்துக்கொள்ள மாட்டார்கள்.